டெட் ஹீட் கணக்கைச் சீட்டிலேயே எழுதுங்கள்

உரிமம் பெற்ற விளையாட்டுப் பந்தய நிறுவனங்களுக்கும், அந்த உரிமத்தை வழங்கும் ஒழுங்குமுறை ஆணையங்களுக்கும்,

வணக்கம்.

கோல்ஃப் போட்டி ஒன்றில், ஓர் ஆட்டக்காரர் முதல் 20 இடங்களுக்குள் வருவார் என்று 2.10 விகிதத்தில் (வென்றால் கட்டியதைப் போல 2.10 மடங்கு, அதாவது 210) ஒருவர் 100 கட்டுகிறார். அந்த ஆட்டக்காரர் 18-ஆம் இடத்தில் முடிக்கிறார். கட்டியவர் தன் கணக்கைத் திறந்து பார்க்கிறார். 'வென்றது' என்று பச்சை எழுத்தில் இருக்கிறது. பக்கத்தில் வந்திருக்கும் தொகை 90. கட்டியது 100, வென்ற பிறகு கிடைத்தது 90.

இது கணினியின் பிழை அல்ல. உங்கள் விதிப்படி இதுதான் சரியான கணக்கு. 18-ஆம் இடத்தில் அவரோடு இன்னும் ஆறு பேர் அதே ஸ்கோரில் நின்றார்கள். ஏழு பேருக்கும் சேர்த்து மிச்சம் இருந்தவை 18, 19, 20 என்ற மூன்றே இடங்கள். ஆகவே கட்டிய 100-இல் ஏழில் மூன்று பங்கு, அதாவது 42.86, வென்ற பணமாகக் கொள்ளப்படுகிறது, எஞ்சிய 57.14 தோற்றதாகிவிடுகிறது. 42.86-ஐ 2.10-ஆல் பெருக்கினால் 90. குதிரைப் பந்தயத்திலிருந்து வந்த இந்த டெட் ஹீட் (சமநிலை முடிவு) விதி இன்று கோல்ஃப், கிரிக்கெட், கால்பந்து, தடகளம் என்று பல விளையாட்டுகளின் பந்தயங்களிலும் இருக்கிறது.

விதியை எடுத்துவிடுங்கள் என்று நான் கேட்கவில்லை. பந்தய விதிகளைப் படித்து, கேட்பவர்களுக்குக் கணக்கை விளக்கிச் சொல்வதைப் பல காலமாகச் செய்து வருகிறேன். விதியின் நியாயம் எனக்குப் புரிகிறது. இருபது இடங்களுக்கு விலை வைத்த நிறுவனம் இருபத்து நான்கு பேருக்கு முழுப் பணம் தர வேண்டும் என்றால், அது முதலிலேயே விகிதத்தைக் குறைத்துத்தான் தரும். மூன்று இடங்களை ஏழு பேருக்குப் பங்கிட்டால், நிறுவனம் தருவது மொத்தத்தில் மூன்று இடங்களுக்கான பணம்தான். இதில் யாரும் யாரையும் ஏமாற்றவில்லை.

என் மனக்குறை வேறு. இந்தக் கணக்கு பந்தயம் கட்டுபவரின் கண்ணில் எப்போது படுகிறது? பணம் குறைந்து வந்த பிறகு. சீட்டில் 'கிடைக்கக்கூடிய தொகை 210' என்று பெரிதாக இருக்கிறது. சமநிலை வந்தால் அது எவ்வளவாகும் என்று சீட்டில் ஒரு வரிகூட இல்லை. அது விதிப் புத்தகத்தின் பொது விதிகளில், பல பக்கங்களுக்கு அப்பால், இரண்டு வாக்கியங்களாகக் கிடக்கிறது. ஏன் குறைந்தது என்று எழுதிக் கேட்டால், அந்த இரண்டு வாக்கியங்களையே வெட்டி ஒட்டிப் பதிலாக அனுப்புகிறீர்கள்.

விதியைப் படித்தவர்களே தடுமாறும் இடம் ஒன்று உண்டு. இருவர் சமமாக வென்றால் 'பாதி கிடைக்கும்' என்று எல்லோரும் சொல்கிறார்கள். எதில் பாதி? 5.00 விகிதத்தில் 100 கட்டியவருக்கு முழு வெற்றியில் 500 வரும். அதில் 400 லாபம். லாபம்தான் பாதியாகும், கட்டிய 100 அப்படியே திரும்பும் என்று நினைப்பவர் 300-ஐ எதிர்பார்க்கிறார். ஆனால் பாதியாவது கட்டிய தொகை. 50 மட்டுமே ஐந்து மடங்காகிறது, வருவது 250. இந்த 50 வித்தியாசத்துக்காக எத்தனை சண்டைகள்! விகிதம் குறையக் குறைய இது கடுமையாகிறது. 2.00-க்குக் கீழே உள்ள எந்த விகிதத்திலும், இருவர் சமநிலையில் முடித்தாலே வென்றவருக்கு நஷ்டம். 1.80-இல் 100 கட்டினால் திரும்புவது 90. மூவர் சமம் என்றால் 3.00-க்குக் கீழே உள்ள எல்லா விகிதங்களிலும் நஷ்டம். 'எல்லோரும் எதிர்பார்க்கும் ஆட்டக்காரர்' மீது நம்பிக்கையோடு கட்டுபவர்தான் இதில் மாட்டிக்கொள்கிறார், ஏனென்றால் குறைந்த விகிதம் அவருக்குத்தான்.

நான்கு தேர்வுகளைக் கோத்துக் கட்டும் தொடர் பந்தயத்தில், ஒவ்வொன்றும் 2.00 என்றால் 10 கட்டியவர் 160-ஐ எதிர்பார்ப்பார். ஒன்றில் இருவர் சமமானால் 80, இரண்டில் என்றால் 40. நான்கும் வென்றதாகவே சீட்டு சொல்லும்.

சமநிலை என்றோ ஒரு நாள் வருவது, அதற்காகத் திரையை நிரப்ப முடியாது என்பீர்கள். பழைய குதிரைப் பந்தயங்களுக்கு அது பொருந்தும். 1884-இல் எப்சம் டெர்பியில் செயின்ட் கேட்டியனும் ஹார்வெஸ்டரும் சமமாக எல்லைக்கோட்டைத் தாண்டின. உரிமையாளர்கள் பரிசைப் பங்கிட்டுக்கொண்டார்கள். 1944-இல் நியூயார்க்கின் அக்விடக்ட் மைதானத்தில் மூன்று குதிரைகள் சமமாக முதலிடம் பிடித்தன. இவற்றை இன்றும் பேசுகிறோம் என்றால், அவ்வளவு அபூர்வம் என்று பொருள். ஆனால் நீங்கள் இன்று விற்கும் பந்தயங்கள் அப்படிப்பட்டவையா? கோல்ஃப் போட்டியில் கோப்பைக்குச் சமநிலை வந்தால் பிளே-ஆஃப் ஆடி ஒருவரைத் தேர்ந்தெடுக்கிறார்கள். முதல் நாள் முன்னிலைக்கும் முதல் 20 இடத்துக்கும் அப்படி எந்த ஏற்பாடும் இல்லை. ஸ்கோர்கள் ஓரிரு ஸ்ட்ரோக்குகளுக்குள் நெருங்கி நிற்கும் ஆட்டத்தில், 20-ஆம் இடத்தை ஒட்டி நான்கைந்து பேர் சமமாக நிற்பது சாதாரணம். இருபது ஓவர் கிரிக்கெட்டில் ஓர் அணியின் அதிக விக்கெட் எடுத்தவர் யார் என்ற பந்தயத்தையும் பாருங்கள். இருவரோ மூவரோ தலா இரண்டு விக்கெட்டுடன் முடிப்பதை ஆட்டம் பார்க்கும் எவரும் அறிவார். சமநிலை எளிதில் வரும் இடங்களாகப் பார்த்துப் பந்தயங்களைப் பெருக்கிவிட்டு, அது அபூர்வம் என்று சொல்வது முறையல்ல.

இதே கிரிக்கெட் பந்தயத்தில் இன்னொரு குழப்பம். சமமாக விக்கெட் எடுத்தவர்களில் குறைந்த ரன் கொடுத்தவரே வென்றார் என்று ஒரு நிறுவனம் எடுத்துக்கொள்கிறது. இன்னொரு நிறுவனம் டெட் ஹீட்டாகப் பங்கிடுகிறது. ஒரே ஆட்டம், ஒரே பந்துவீச்சாளர், பந்தயத்தின் பெயரும் ஒன்றுதான். அவர் குறைந்த ரன் கொடுத்திருந்தால் முதல் நிறுவனத்தில் முழுப் பணம், அதிகம் கொடுத்திருந்தால் ஒன்றுமே இல்லை; இருவர் சமம் என்றால் மற்றதில் எப்படியும் பாதிதான். 2010 கால்பந்து உலகக் கோப்பையில் முல்லர், வியா, ஸ்னைடர், ஃபோர்லான் நால்வரும் தலா 5 கோல் அடித்தார்கள். கோல் அடிக்க அதிகம் உதவியவர் என்ற கணக்கில் தங்கக் காலணி முல்லருக்குப் போனது. 'அதிக கோல் அடிப்பவர்' என்று ஃபோர்லான் மீது கட்டியவர் வென்றாரா, தோற்றாரா? கோல் எண்ணிக்கையைப் பார்த்தால் நான்கில் ஒரு பங்கு வென்றார். விருதைப் பார்த்தால் முழுவதும் தோற்றார். 2018-19 பிரீமியர் லீகில் சாலா, மானே, ஓபமெயாங் மூவரும் 22 கோல்களோடு நின்றபோது, விருதையே மூவருக்கும் கொடுத்துவிட்டார்கள். இரண்டில் எந்த அளவுகோலை நீங்கள் வைத்தாலும் எனக்குச் சம்மதம். அது பந்தயத்தின் பெயரிலேயே இருக்க வேண்டும்.

விளையாட்டு அமைப்புகளே சமநிலையை ஒரே மாதிரி பார்ப்பதில்லை. 1997-இல் ஹெரெஸ் நகரில் நடந்த ஃபார்முலா ஒன் தகுதிச் சுற்றில் வில்நோவ், ஷூமாக்கர், ஃப்ரென்ட்சன் மூவரும் 1 நிமிடம் 21.072 வினாடி என்று ஆயிரத்தில் ஒரு பங்கு வரை ஒரே நேரத்தை எடுத்தார்கள். முதலில் எடுத்தவருக்கு முதலிடம் என்று வில்நோவுக்குக் கொடுத்தார்கள். நீச்சல் நேர்மாறான வழியில் போனது. 1972 மியூனிக் ஒலிம்பிக்கில் 400 மீட்டர் கலப்பு நீச்சலில் லார்சன் 0.002 வினாடியில் மெக்கீயை வென்ற பிறகு, நூறில் ஒரு பங்கு வினாடிக்குக் கீழே பார்ப்பதில்லை என்று முடிவு செய்தார்கள். குளத்தின் தடங்கள் அத்தனை துல்லியமாகச் சம நீளத்தில் இருக்காது. இல்லாத துல்லியத்தை வைத்து ஒருவரைத் தோற்கடிப்பது அநீதி. ஆகவே நீச்சலில் சமநிலை என்பது விளையாட்டே மனமறிந்து ஏற்றுக்கொண்ட முடிவு.

இந்த மடலில் நான் மிகவும் அழுத்திச் சொல்ல விரும்புவது இதற்கு அடுத்தது. 2016 ரியோ ஒலிம்பிக், ஆண்களுக்கான 100 மீட்டர் பட்டாம்பூச்சி நீச்சல். சிங்கப்பூரின் ஸ்கூலிங் 50.39 வினாடியில் தங்கம் வென்றார். ஃபெல்ப்ஸ், லெ குளோ, ஹங்கேரியின் செ மூவரும் 51.14. மூவருக்கும் வெள்ளி; வெண்கலம் யாருக்கும் இல்லை. இப்போது 'செ முதல் மூன்று இடங்களுக்குள் வருவார்' என்று ஒருவர் கட்டியிருந்தால், 2, 3 என்ற இரண்டு இடங்களுக்கு மூன்று பேர் என்பதால் மூன்றில் இரண்டு பங்கு என்ற கணக்கை ஏற்கலாம். ஆனால் பந்தயம் 'செ பதக்கம் வெல்வாரா, ஆம் அல்லது இல்லை' என்று இருந்தால்? அவர் கழுத்தில் வெள்ளிப் பதக்கம் முழுதாகத் தொங்குகிறது. கேள்விக்குப் பதில் 'ஆம்'. மூன்றில் இரண்டு பங்கு 'ஆம்' என்று ஒன்று கிடையாது. அங்கே டெட் ஹீட் விதியைக் கொண்டுவந்து பணத்தைக் குறைப்பதற்கு எந்த நியாயமும் இல்லை. இடத்துக்காகப் போட்டியிடும் பந்தயம் வேறு, ஒரு கூற்று உண்மையா என்று கேட்கும் பந்தயம் வேறு. இரண்டாவது வகைக்கு முழுப் பணம் தருவதை விதியாக எழுதுங்கள்.

தங்கத்துக்கும் இதுவே பொருந்தும். 2021 ஆகஸ்ட் 1 அன்று டோக்கியோவில் உயரம் தாண்டுதலில் கத்தாரின் பர்ஷிமும் இத்தாலியின் தம்பேரியும் 2.37 மீட்டரில் சமமாக நின்றார்கள். மீண்டும் தாண்டி ஒருவரைத் தீர்மானிக்க விதியில் இடம் இருந்தது. இரண்டு தங்கம் தர முடியுமா என்று பர்ஷிம் கேட்டார். முடியும் என்றதும் இருவரும் கட்டிப்பிடித்துக்கொண்டார்கள். அழகான முடிவு. 'வெற்றியாளர் யார்' என்ற பட்டியலில் பர்ஷிமைத் தேர்ந்தெடுத்தவருக்குக் கட்டிய தொகையில் பாதியைத்தான் கணக்கில் எடுப்பீர்கள், அதை ஏற்கிறேன். 'பர்ஷிம் தங்கம் வெல்வார், ஆம்' என்று கட்டியவருக்குப் பாதியை நிறுத்திவைப்பதை ஏற்க முடியாது.

எத்தனை பேர் சமமாக நிற்பார்கள் என்று முன்கூட்டியே தெரியாதே, எதைச் சீட்டில் எழுதுவது என்று கேட்பீர்கள். இருவர் சமமானால் எவ்வளவு வரும் என்ற ஒரே ஒரு எண்ணை 'கிடைக்கக்கூடிய தொகை'யின் கீழே போடுங்கள். அது கட்டிய தொகையைவிடக் குறைவு என்றால் அதையும் சொல்லுங்கள். ஆட்டம் நடக்கும்போதே, கட்டியவர் பந்தயத்திலிருந்து பாதியில் விலகினால் என்ன கிடைக்கும் என்று நொடிக்கு நொடி கணக்குப் போட்டுக் காட்டத் தெரிந்த உங்களுக்கு, ஒரு வகுத்தல் கடினமாக இருக்க முடியாது. முடிவு வந்த பிறகு, 90 என்று மட்டும் போடாமல் '7 பேர், 3 இடங்கள், 42.86 × 2.10' என்று அந்தச் சீட்டிலேயே காட்டுங்கள். சில நிறுவனங்கள் சமநிலைக்கும் முழுப் பணம் தரும் பந்தயத்தைக் குறைந்த விகிதத்தில் தனியாக விற்கின்றன. நல்ல பழக்கம். அந்த இரண்டையும் அடுத்தடுத்து வைத்தால், வாங்குபவரே ஒப்பிட்டுத் தேர்ந்துகொள்வார்.

ஒழுங்குமுறை ஆணையங்களுக்குத் தனியாக ஒரு வேண்டுகோள். இணையவழி ஸ்லாட் (படங்கள் சுழலும் சூதாட்ட) விளையாட்டுகளில், கட்டியதைவிடக் குறைவாகவோ சமமாகவோ பணம் திரும்பும்போது வெற்றி இசையும் வண்ணமும் காட்டக் கூடாது என்று பிரிட்டனின் சூதாட்ட ஆணையம் 2021-இல் விதித்தது. நஷ்டத்தை வெற்றி போலக் காட்டினால், ஆடுபவர் தான் இழந்ததை உணராமல் மேலும் ஆடுகிறார் என்பதே அதன் பின்னுள்ள கவலை. 100 கட்டி 90 வாங்கியவரின் சீட்டில் பச்சை எழுத்தில் 'வென்றது' என்று போடுவது அதைவிட எந்த விதத்தில் வேறு? அந்த விதியை விளையாட்டுப் பந்தயச் சீட்டுக்கும் நீட்டுங்கள். 'பகுதி வெற்றி, நிகர இழப்பு 10' என்று எழுதச் சொல்லுங்கள். கட்டுபவர் தன் செலவை உண்மையாக அறிந்தால்தான், நிறுத்த வேண்டிய இடத்தில் நிறுத்த முடியும். பணத்தை இழந்துகொண்டிருக்கும் ஒருவருக்கு அது எவ்வளவு பெரிய விஷயம் என்று உங்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை.

விதிகள் மாறக்கூடியவை. 2019 உலகக் கோப்பை இறுதி ஆட்டத்தில் இங்கிலாந்தும் நியூசிலாந்தும் 241 ரன்களில் சமமாக நின்று, சூப்பர் ஓவரிலும் தலா 15 எடுத்து, கடைசியில் பவுண்டரிகளை எண்ணிக் கோப்பையைக் கொடுத்தார்கள். 26-க்கு 17. அது சரியில்லை என்று உலகமே சொன்னது. சில மாதங்களிலேயே, அரையிறுதியிலும் இறுதியிலும் ஒருவர் வெல்லும் வரை சூப்பர் ஓவரைத் தொடர்வது என்று ஐசிசி விதியை மாற்றியது. நான் கேட்பது அதைவிடச் சிறிய மாற்றம்.

எல்லாவற்றையும் ஒரே நாளில் செய்ய முடியாது என்றால், கோல்ஃபின் முதல் 20 பந்தயத்தில் தொடங்குங்கள். சமநிலை அங்கே அடிக்கடி வருகிறது, விகிதமும் அங்கே குறைவு.

இப்படிக்கு,
விதிப் புத்தகத்தைப் படித்துக் கணக்குப் பார்க்கும் ஒருவர்