ஆடியில் நிற்கும் காற்றாடிகள்: மத்திய மின்துறைக்கு ஒரு மடல்

மத்திய மின்சார அமைச்சகத்திலும் புதுப்பிக்கத்தக்க எரிசக்தி அமைச்சகத்திலும் கொள்கை எழுதும் பொறுப்பில் இருப்பவர்களுக்கு,

வணக்கம்.

நான் ஐ.டி.ஐ. படித்த எலக்ட்ரீசியன். 1994-ல் கன்னியாகுமரி மாவட்டத்து ஆரல்வாய்மொழிக் கணவாயில் காற்றாலைப் பராமரிப்பு வேலைக்குச் சேர்ந்தேன். இருபத்தேழு வருஷம் அதே வேலை. முழங்கால் தேய்ந்துபோனதும் ஏறுவதை நிறுத்திவிட்டேன். கொள்கை பேசுகிற படிப்பு எனக்கு இல்லை. நீங்கள் மெகாவாட் கணக்கில் பேசுகிற இயந்திரங்களில் சில நூறுக்கு நான் ஏணி ஏறியிருக்கிறேன், அந்த உரிமையில் எழுதுகிறேன்.

நாட்டின் மின் நிறுவுதிறனில் (எல்லா இயந்திரமும் முழுதாக ஓடினால் தரக்கூடிய அளவில்) பாதி இனி நிலக்கரி, எரிவாயு சாராதது, 2030-க்கு வைத்த இலக்கை ஐந்து வருஷம் முன்பே எட்டிவிட்டோம் என்று 2025 ஜூலையில் அறிவித்தீர்கள். சந்தோஷம்தான். ஆனால் நாட்டில் உற்பத்தியாகும் நூறு யூனிட்டில் ஏறத்தாழ எழுபது இன்னமும் நிலக்கரியில் இருந்துதானே வருகிறது? தொழுவத்தில் எத்தனை மாடு என்று எண்ணிவிட்டு, பால் எத்தனை லிட்டர் என்று கேட்காமல் போகிற பால்காரரை எங்கள் ஊரில் நான் பார்த்ததில்லை.

இந்தப் பழக்கம் இன்றைக்கு வந்ததில்லை. நான் வேலைக்குச் சேர்ந்த காலத்தில் காற்றாலை வாங்கினால் முதல் வருஷமே நூறு சதவீதம் தேய்மானம் காட்டி, அதாவது முழு விலையையும் செலவாக எழுதி, வருமான வரியைக் குறைத்துக்கொள்ளலாம். செப்டம்பர் 30-க்குள் ஓடினால் முழுச் சலுகை, மார்ச் 31-க்குள் ஓடினால் பாதி. அதனால் எங்களுக்கு வருஷத்தில் இரண்டு தீபாவளி. 1995 மார்ச் 31 ராத்திரி எனக்கு நன்றாக ஞாபகம் இருக்கிறது. மார்ச்சில் கணவாயில் காற்று எங்கே இருக்கும்? கோயம்புத்தூர்ப் பக்கத்து நூல் மில் ஒன்று வாங்கிய இயந்திரம், 225 கிலோவாட். கோபுரத்தின் அடியில் கன்ட்ரோல் பேனல் முன்னால் மில் கணக்கர், கம்பெனி இன்ஜினியர், நாங்கள் நாலு பேர். எல்லோரும் வானத்தைப் பார்த்தபடி நிற்கிறோம். பதினொன்றரை மணிக்கு ஒரு காற்று வந்தது. இறக்கை மெதுவாகத் திரும்பி, லைனோடு இணைக்கும் கான்டாக்டர் சுவிட்ச் 'டக்'கென்று விழுந்து, மீட்டர் நகர்ந்தது. மூன்று யூனிட். அவ்வளவுதான், கையெழுத்துகள் விழுந்தன, கணக்கர் எல்லோருக்கும் அல்வாப் பொட்டலம் கொடுத்தார். அப்புறம் ஜூன் வரைக்கும் அந்த இயந்திரம் என்ன ஆனது என்று ஒரு போன் வரவில்லை. கியர்பாக்ஸில் எண்ணெய் கசிகிறது என்று நாங்கள் எழுதிப்போட்ட கடிதத்துக்கும் பதில் இல்லை. அவர்கள் வாங்க வேண்டியதை அன்றைக்கு ராத்திரியே வாங்கிவிட்டார்கள்.

அந்த முதலாளியை நான் குறை சொல்ல மாட்டேன். எதற்குக் காசு கொடுத்தீர்களோ அதை அவர் செய்தார்.

சரி, ஒரே ஒரு முறை நீங்களும் யூனிட்டுக்குக் காசு கொடுத்துப் பார்த்தீர்கள். 2009-ல் கொண்டுவந்த உற்பத்தி ஊக்கத்தொகை, தேய்மானச் சலுகை வாங்காத புதிய காற்றாலைகளுக்கு யூனிட்டுக்கு 50 பைசா. அந்தத் திட்டத்தில் வந்த இயந்திரங்களின் உரிமையாளர்கள் சாயங்காலம் ஆனால் போன் செய்வார்கள்: "இன்னைக்கு எத்தன யூனிட்? நாலாம் நம்பர் ஏன் கம்மி?" உதிரிப்பாகம் கேட்டால் அடுத்த நாள் லாரியில் வந்து இறங்கும். எங்களுக்குத் தொல்லைதான், ஆனால் வேலை என்றால் அதுதான் வேலை. 2017 மார்ச்சோடு அதை முடித்துக்கொண்டீர்கள்.

அதே வருஷம் பிப்ரவரியில், குறைந்த விலைக்கு மின்சாரம் தருகிறவருக்கே திட்டம் என்ற ஏலம் வந்தது. முதல் ஏலத்தில் யூனிட் 3 ரூபாய் 46 காசு, வருஷம் முடிவதற்குள் இரண்டரை ரூபாய்க்கும் கீழே. மலிவான மின்சாரம் மக்களுக்கு நல்லது, அதில் எனக்குத் தகராறு இல்லை. ஆனால் அந்த விலைக்குக் கட்டுப்படியாக, பெரிய நிலம் மொத்தமாகக் கிடைக்கும் குஜராத்தின் கட்ச் பக்கம் எல்லோரும் போனார்கள். மாநிலம் விட்டு மாநிலம் மின்சாரம் கொண்டுபோகும் கம்பிக்குக் கட்டணமே இல்லை என்று, 2025 ஜூனுக்குள் ஓடத் தொடங்கிய நிலையங்களுக்குச் சலுகை வேறு. ராஜஸ்தானில் விளைந்த யூனிட் ஆயிரக்கணக்கான கிலோமீட்டர் ஓசியில் வரும். ஆரல்வாய்மொழியில் விளைந்த யூனிட் திருப்பூர் போக, மின்வாரியக் கம்பியைப் பயன்படுத்துவதற்கு வீலிங் கட்டணம் கட்ட வேண்டும். இது எந்த ஊர் நியாயம்? வருஷக்கணக்காகக் காற்றில் முதலிடத்தில் இருந்த தமிழ்நாட்டை குஜராத் தாண்டியதற்குக் காற்று குறைந்தது காரணமில்லை.

இனி ஆடி மாசத்துக்கு வருகிறேன். கணவாயில் அந்த மாசம் சைக்கிள் ஓட்ட முடியாது. 2014-ல் ஒரு ராத்திரி, எட்டு மணி இருக்கும். எங்கள் வரிசையில் இருபத்திரண்டு இயந்திரமும் முழுச் சுமையில் ஓடுகின்றன, பேனலில் 225, 224, 225 என்று எண்கள் அசையாமல் நிற்கின்றன. துணைமின் நிலையத்தில் இருந்து போன்: "ஃபீடரை எடுக்கப் போறோம், மெஷினை நிறுத்திருங்க." ஃபீடர் என்றால் எங்கள் மின்சாரத்தைத் துணைமின் நிலையத்துக்குக் கொண்டுபோகும் லைன், எடுப்பது என்றால் துண்டிப்பது. ஒவ்வொன்றாக நிறுத்தினோம். இறக்கை முனை பிரேக் திரும்பும்போது ஒரு ஓலம் வரும், கேட்டவர்களுக்குத் தெரியும். விடியும் வரை அந்தக் காற்றில் இருபத்திரண்டும் சும்மா நின்றன. நாங்கள் நோட்டில் 'கிரிட் நிறுத்தம்' (கிரிட் என்றால் மின்தொகுப்பு) என்று எழுதி நேரம் போட்டோம்.

ஏன் நிறுத்தச் சொன்னார்கள்? ராத்திரி நேரத் தேவை ஓர் அளவுதான். நிலக்கரி மின்நிலையத்தின் ஓர் அலகை அதன் திறனில் 55 சதவீதத்துக்குக் கீழே இறக்குவது கடினம். முழுவதும் அணைத்தால் திரும்பப் பற்றவைக்க மணிக்கணக்கில் ஆகும், எண்ணெய்ச் செலவு வேறு. ஆகவே காற்றாடியை அணைப்பது சுலபம், ஒரு போன் போதும். 2023-ல் மத்திய மின்சார ஆணையம் நிலக்கரி அலகுகளைப் படிப்படியாக 40 சதவீதம் வரை இறக்கும்படி செய்ய விதி போட்டிருக்கிறது. நல்ல விதி. அதை அமல்படுத்துகிற வேகம்தான் இனிமேல் முக்கியம்.

எங்கள் பக்கத்துத் தப்பையும் சொல்லிவிடுகிறேன். பழைய இயந்திரங்கள் தொந்தரவு பிடித்தவை. அவற்றின் இண்டக்ஷன் ஜெனரேட்டர் ஓடுவதற்கே கிரிட்டில் இருந்து ரியாக்டிவ் பவரை, அதாவது காந்தப் புலத்தை உண்டாக்கத் தேவையான மின்திறனை, உறிஞ்சும். லைனில் வோல்டேஜ் ஒரு நொடி சரிந்தால் மொத்த வரிசையும் ஒரே நேரத்தில் கழன்றுகொள்ளும். எந்த நிலையம் எவ்வளவு ஓட வேண்டும் என்று சொல்லும் சுமை அனுப்பும் மையத்தில் உட்கார்ந்திருப்பவர் எங்களைக் கண்டு பயந்ததில் அர்த்தம் உண்டு. புதிய இயந்திரங்கள் அப்படி இல்லை, சரிவைத் தாங்கி நின்று கிரிட்டுக்குத் தோள் கொடுக்கும்.

அப்படியானால் பழையதை எடுத்துவிட்டுப் புதியதை வைக்க வேண்டியதுதானே? இங்கேதான் உங்கள் கொள்கைகள் முட்டி நிற்கின்றன. இந்தியாவின் முதல் செய்முறைக் காற்றுப் பண்ணைகளில் ஒன்று 1986-ல் தூத்துக்குடி பக்கம் முள்ளக்காட்டில் வந்தது. முதலில் வந்தவர்கள் நல்ல காற்றுள்ள இடங்களைப் பிடித்தார்கள். நாட்டிலேயே அருமையான காற்று வீசும் இடங்களில் முப்பது மீட்டர் உயரத்துப் பொம்மைகள் நிற்பது அதனால்தான். பழசை மாற்றினால் நாடு முழுக்க 25,000 மெகாவாட்டுக்கு மேல் கிடைக்கும் என்று உங்கள் தேசியக் காற்றாற்றல் நிறுவனமே கணக்குப் போட்டிருக்கிறது. 2016-ல் இதற்கு ஒரு கொள்கை போட்டீர்கள். அதில் கொடுத்த சலுகை, கடன் வட்டியில் கால் சதவீதத் தள்ளுபடி. பத்து காற்றாடியைப் பிடுங்கப் போகிறவனுக்குக் கால் சதவீதம்! 2023-ல் திருத்தினீர்கள், 2024-ல் மாநில அரசும் தனியாக ஒரு கொள்கை போட்டது. கணவாயில் வந்து பாருங்கள், என் 1995 இயந்திரம் இன்னமும் சுற்றுகிறது.

இரண்டு சின்ன காற்றாடி வைத்திருக்கும் மில் முதலாளியின் இடத்தில் இருந்து யோசியுங்கள். கடன் எப்போதோ அடைந்துவிட்டது. ஆடியில் விளைந்ததை மின்வாரியத்தில் பேங்கிங் செய்து, அதாவது கணக்கில் வரவு வைத்து, மார்ச் வரை எடுத்துக்கொள்ளலாம். புதிதாக இரண்டு மெகாவாட் இயந்திரம் வைக்க அவருடைய நிலம் மட்டும் போதாது, அக்கம்பக்கத்து ஆறேழு பேரும் சேர வேண்டும். அதில் ஒருவர் இறந்து வாரிசுத் தகராறு, ஒருவர் கம்பெனியை விற்றுவிட்டார். சேர்ந்தாலும் பழைய ஃபீடர் தாங்காது. எல்லாம் முடிந்து புதிதாக வைத்தால் பழைய பேங்கிங் உரிமை போய்விடுமோ என்ற பயம். 'ஓடுற வரைக்கும் ஓடட்டும்' என்று அவர் சொல்வதில் என்ன தப்பு?

இதற்கிடையில் 2024 ஜூனில் கடலுக்குள் காற்றாலை நட 7,453 கோடி ரூபாய் ஒதுக்கினீர்கள். குஜராத் கடலில் 500 மெகாவாட், தமிழ்நாட்டுக் கடலில் 500. கடல் காற்று வேண்டாம் என்று சொல்லவில்லை. மன்னார் வளைகுடாவில் வலை போடுகிறவர்களிடம் அதைப் பற்றி முதலில் உட்கார்ந்து பேசுங்கள். ஆனால் அந்தப் பணத்தில் ஒரு பங்கு ஆரல்வாய்மொழிக்கும் கயத்தாறுக்கும் தேனி மாவட்டத்துக் கம்பத்துக்கும் வந்தால் போதும், ஃபீடரும் துணைமின் நிலையமும் மாறிவிடும். நிலம் இருக்கிறது, சாலை இருக்கிறது, ஏறத் தெரிந்த பையன்களும் இருக்கிறார்கள்.

நான் கேட்பது மூன்று. நிறுத்தப்பட்ட காற்று, சூரிய யூனிட்டுகளைத் துணைமின் நிலைய வாரியாகத் தினமும் வெளியிடுங்கள். காற்றாலையைக் காரணமில்லாமல் நிறுத்தக் கூடாது, நிறுத்தினால் ஈடு தர வேண்டும் என்று 2021-ல் விதி போட்டீர்கள். நின்ற யூனிட்டை எண்ணாமல் ஈடு எப்படித் தருவது? பழசை மாற்றுகிறவருக்கு, பழைய இயந்திரம் தந்த யூனிட் அளவுக்காவது பழைய பேங்கிங் உரிமை தொடரட்டும், மாநிலத்துக்கு அதில் வரும் நஷ்டத்தை நீங்கள் ஏற்றுக்கொள்ளுங்கள். அப்புறம், ஆடி ராத்திரியில் மிஞ்சுவதைச் சேர்த்துவைக்க இடம் வேண்டும். கடம்பாறையில் தண்ணீரை மேலே ஏற்றி இறக்கும் 400 மெகாவாட் நிலையம் 1980-களிலேயே கட்டியாகிவிட்டது. குந்தாவில் அடுத்த 500-க்கு இத்தனை வருஷம் இழுத்திருக்க வேண்டியதில்லை.

நாங்கள் 'கிரிட் நிறுத்தம்' எழுதிய நோட்டுகளில் பதினோரு வருஷத்துக்கானவை என் வீட்டுப் பரணில் கிடக்கின்றன. கம்பெனி கம்ப்யூட்டருக்கு மாறியபோது பழைய பேப்பர்காரருக்குப் போட இருந்ததை நான் எடுத்துவந்தேன். சிலது கரையான் அரித்திருக்கிறது, மற்றவை படிக்கும்படி இருக்கின்றன. தேதி, இயந்திர எண், நின்ற நேரம், ஓடிய நேரம் எல்லாம் அதில் உண்டு. உங்கள் அலுவலகத்தில் இருந்து யாராவது வந்தால் கொடுத்துவிடுகிறேன். ஆடியில் வந்தால் இன்னும் நல்லது. ரயில் நிலையத்தில் இருந்து இறங்கி யாரிடம் வேண்டுமானாலும் 'காத்தாடிக்கு ஏறுறவர் வீடு' என்று கேளுங்கள், காட்டுவார்கள்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற காற்றாலைப் பராமரிப்பு ஊழியர்,
ஆரல்வாய்மொழி