லோன் போட்டு கேமரா வாங்கும் முன்

ஆசிரியருக்கு வணக்கம்.

சுயாதீனப் படங்களுக்கு ஒளிப்பதிவாளராக வர நினைக்கும் இளைஞர்களுக்காகச் சென்ற இதழில் வந்த கட்டுரையைப் படித்தேன். எந்த கேமரா, எந்த லென்ஸ், மாதத் தவணை எவ்வளவு என்று இரண்டு பக்கம். வெளிச்சத்தைப் பற்றி ஒரு வரி கிடையாது. கல்யாண வீடியோ எடுத்துப் பிழைக்கும் எனக்கே உறுத்தியது.

வங்காள இயக்குநர் சத்யஜித் ராயின் ஒளிப்பதிவாளர் சுப்ரதா மித்ராவின் பெயரையாவது சொல்லியிருக்கலாம். 1952-இல் ராயின் முதல் படமான ‘பதேர் பாஞ்சாலி’யின் படப்பிடிப்பு தொடங்கியபோது அவருக்கு 22 வயது. அதற்கு முன் மூவி கேமராவை இயக்கியதே இல்லை; போட்டோ எடுப்பார், அவ்வளவுதான். கல்கத்தா பக்கம் பிரெஞ்சு இயக்குநர் ழான் ரெனுவார் ‘தி ரிவர்’ எடுத்தபோது ஓரமாக நின்று, எந்த விளக்கு எங்கே இருக்கிறது, நடிகர் எங்கிருந்து எங்கே நகர்கிறார் என்று நோட்டில் வரைந்து வைத்துக்கொண்டார். அவர் படித்த காலேஜ் அதுதான்.

அப்புறம் 1956-இல் ராயின் அடுத்த படம் ‘அபராஜிதோ’. நடுவில் திறந்த முற்றம் உள்ள காசி வீட்டை ஸ்டுடியோவுக்குள் செட் போட்டார்கள். அந்த முற்றத்தில் வானத்து வெளிச்சம் நிழலே இல்லாமல் இறங்கும். ஸ்டுடியோ விளக்கை நேராகப் போட்டால் ஒரே ஆளுக்கு இரண்டு மூன்று நிழல் விழும். செட்டில் இது நடக்காது என்று சத்யஜித் ராயிடமும் கலை இயக்குநர் பன்சி சந்திரகுப்தாவிடமும் மித்ரா வாதாடிப் பார்த்தார். அவர்கள் கேட்கவில்லை. வேறு வழியில்லாமல் செட்டுக்கு மேலே வெள்ளைத் துணியை இழுத்துக் கட்டி, விளக்குகளைக் கீழிருந்து அதன்மேல் அடித்தார். துணியில் பட்டுத் திரும்பிய வெளிச்சம் முற்றமெங்கும் மெத்தென்று பரவியது. இன்று நம் லைட்மேன்கள் தெர்மோகோலைப் பிடித்துக்கொண்டு ‘பவுன்ஸ்’ என்கிறார்களே, அதே வேலைதான்.

கட்டுரை தொடாத இன்னொரு விஷயம் பிழைப்பு. ராயோடு பத்துப் படங்கள் செய்த மித்ரா, 1966-இல் வந்த ‘நாயக்’குக்குப் பிறகு அவரோடு சேரவில்லை. ‘நியூ டெல்லி டைம்ஸ்’ படத்துக்குத் தேசிய விருது கிடைக்க ஏறக்குறைய இருபது வருஷம் ஆனது. இடையில் அவர் செய்த படங்கள் கொஞ்சம்தான். கடைசிக் காலத்தில் கொல்கத்தா திரைப்படக் கல்லூரியில் பாடம் நடத்தினார். அத்தனை பெரிய கைக்கே இந்த நிலை என்றால், மாதாமாதம் தவணை கட்டப்போகும் பையனின் கதி என்ன?

என் அக்கா மகன் உங்கள் கட்டுரையைக் காட்டித்தான் லோன் போடணும் என்கிறான். ஜாமீன் கையெழுத்து நான் போட வேண்டுமாம். சரி, முதலில் ஒரு வெள்ளை வேட்டியும் ஒரு பல்பும் வைத்து உன் அம்மாவைப் போனிலேயே படம் எடுத்துக் காட்டு என்று சொல்லி அனுப்பினேன். பத்து நாள் ஆகிறது. பையன் இன்னும் வரவில்லை.

– வாசகர் ஒருவர், திண்டுக்கல்