நேற்றைச் சுரண்டி எடுத்துவிட்டு ரோடு போடுங்கள்

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

உங்கள் ஞாயிறு இணைப்பில் ஒரு கற்பனைக் கதை வந்திருந்தது. நேரம் போகப் போக அது புழுதி மாதிரி தரையில் படிந்துகொண்டே இருக்கும் ஒரு ஊர். அங்கே உள்ளவர்கள் விடிந்ததும் வாசலில் கிடக்கும் நேற்றைப் பெருக்கி வாரிக் கொட்டிவிட்டுத்தான் அடுத்த வேலை பார்ப்பார்கள். படித்துவிட்டு டீக்கடையில் எல்லாரும் என்னமா யோசிக்கிறாங்க என்றார்கள். எனக்கென்னவோ எங்கள் தெருவைப் பார்த்து எழுதியது போலத்தான் இருந்தது. என்ன, இங்கே யாரும் பெருக்குவதில்லை, நேற்றின் மேல் தாரை ஊற்றி ரோடு ரோலர் விட்டு அமுக்கிவிட்டுப் போய்விடுகிறார்கள்.

அப்பா இந்த வீட்டைக் கட்டி நாற்பது வருடம் ஆகிறது. அப்போது தெரு மண் தெரு. மூன்று படி ஏறித்தான் திண்ணைக்கு வர வேண்டும். முதல் தடவை ரோடு போட்டபோது இனிப்பு வாங்கிக் கொடுத்தோம். ஒரு படி போனதைக்கூட யாரும் கவனிக்கவில்லை. அப்புறம் இரண்டாவது படி, அப்புறம் மூன்றாவது. இப்போது ரோட்டிலிருந்து முக்கால் அடி இறங்கித்தான் வீட்டுக்குள் வர முடியும், ஐப்பசியில் நாங்கள் இறங்குவதற்கு முன்னால் தண்ணீர் இறங்கிவிடுகிறது, சாக்கடையையும் சேர்த்துக் கூட்டிக்கொண்டு.

சில மாதங்களுக்கு முன் குடிநீர்க் குழாய் பதிக்க வாசலை ஒட்டித் தோண்டினார்கள். எட்டிப் பார்த்தேன். மேலே பேவர் பிளாக், அதற்குக் கீழே ஒரு சாண் கனத்துக்குக் கான்கிரீட், அப்புறம் தார், ஜல்லி, மறுபடி தார், மறுபடி ஜல்லி, அடியில் சிவப்புச் சரளை. பள்ளத்தின் ஓரத்தில் எங்கள் வீட்டு முதல் படி அப்படியே இருந்தது. அம்மா வெள்ளிக்கிழமை தோறும் பூசிய காவி அதில் இன்னும் ஒட்டிக்கொண்டிருந்தது. சரளைக்குள் ஒரு சோடா கோலி. குழாய் பதிக்க வந்த தம்பி அதை எடுத்து என் கையில் கொடுத்துவிட்டு, "இது உங்க காலத்து ஐட்டமா சார்?" என்று கேட்டார். ஆமாம் என்றேன், வேறென்ன சொல்ல.

கீழடி எங்களுக்குப் பக்கம்தான், பன்னிரண்டு கிலோமீட்டர் இருக்கும். 2023-இல் அருங்காட்சியகம் திறந்தபிறகு போய்ப் பார்த்தேன். 2019-இல் தமிழ்நாடு தொல்லியல் துறை வெளியிட்ட அறிக்கைப்படி அங்கே 2 மீட்டர் ஆழத்தில் கிடைத்த கரிமத்தின் காலம் கி.மு. 205, 3.53 மீட்டர் ஆழத்தில் கிடைத்ததன் காலம் கி.மு. 580. அதாவது நடுவில் உள்ள ஒன்றரை மீட்டர், கிட்டத்தட்ட ஐந்து அடி, சேர 375 வருடம் ஆகியிருக்கிறது. அடிக்கு 75 வருடம். சுவர் இடிந்து, பானை உடைந்து, வைகை வண்டல் கொண்டுவந்து, அதன் மேல் மறுபடி ஆட்கள் வீடு கட்டி, இத்தனையும் நடந்துதான் ஓர் அடி ஏறியது. எங்கள் தெருவில் நாற்பது வருடத்தில் இரண்டரை அடி, அடிக்கு பதினாறே வருடம். வண்டலும் வேண்டாம், வெள்ளமும் வேண்டாம், ஒரு டெண்டர் போதும்.

இதற்கு வழி இல்லாமல் இல்லை. போடுவதற்கு முன் பழைய மேல்தளத்தை மில்லிங் இயந்திரம் வைத்துச் சுரண்டி எடுத்துவிட்டு, எடுத்த கனத்துக்கு மட்டும் புதிதாகப் போட்டால் மட்டம் ஏறாது. 2021-இல் அப்போதைய தலைமைச் செயலாளர் இறையன்பு அவர்களே இப்படித்தான் செய்ய வேண்டும் என்று அதிகாரிகளுக்கு எழுதினார். பெரிய சாலைகளில் இந்த இயந்திரத்தை நானே பார்த்திருக்கிறேன். சந்து பொந்துக்குள் மட்டும் அது வருவதே இல்லை. கேட்டால், "எஸ்டிமேட்ல அதுக்குக் காசு இல்லீங்க" என்கிறார் ஒப்பந்தக்காரர்.

பக்கத்து வீட்டுக்காரர் பொறுத்துப் பார்த்துவிட்டு ஜாக்கி வைத்து வீட்டையே மூன்று அடி தூக்கிவிட்டார். லட்சக்கணக்கில் செலவு. அவரைக் குறை சொல்ல மாட்டேன், கையில் இருந்தால் நானும் செய்வேன். ஆனால் அவர் மேலே போனதும் அவர் வாசல் மழைத் தண்ணீரும் இப்போது எங்கள் கூடத்துக்குத்தான் வருகிறது. தூக்க வசதியில்லாத வீடுகள் இந்தத் தெருவில் ஆறு இருக்கின்றன, இரண்டில் வயதானவர்கள் தனியாக இருக்கிறார்கள்.

நான் கேட்பது பெரிதாக ஒன்றுமில்லை. வேலை தொடங்கும் முன் தெருவின் மட்டத்தை அளந்து, அந்த அளவை எல்லார் கண்ணிலும் படும்படி மின்கம்பத்தில் பெயிண்டால் எழுதி வையுங்கள். முடிந்தபிறகு அதே இடத்தில் மறுபடி அளங்கள். கோட்டைத் தாண்டியிருந்தால் பில்லை நிறுத்துங்கள்.

போன வாரம் தெருமுனையில் ஜல்லி கொட்டிவிட்டுப் போயிருக்கிறார்கள். மில்லிங் இயந்திரம் வரக் காணோம். கம்பத்தில் நானே ஒரு சிவப்புக் கோடு போட்டு வைத்திருக்கிறேன்.

இப்படிக்கு,
வாசகர் ஒருவர்,
மதுரை.