தலைப்பு கொடுக்காத குறும்படப் போட்டி வேண்டும்

ஆசிரியருக்கு வணக்கம்.

பள்ளி மாணவர்களுக்கான குறும்படப் போட்டிகள் பற்றி உங்கள் இதழில் வந்த கட்டுரையைப் படித்தேன். மனத்தில் கிடந்து உறுத்துகிற ஒன்றை எழுதாமல் இருக்க முடியவில்லை.

சென்ற ஆண்டு, புகையிலை ஒழிப்பு என்ற தலைப்பில் நடந்த ஒரு போட்டிக்கு என் பதினொன்றாம் வகுப்பு மாணவி செல்பேசியில் நாலு நிமிடப் படம் எடுத்தாள். பீடி சுற்றுகிற வீட்டுப் பிள்ளை. படத்தில் முகமே கிடையாது, கைகள் மட்டும்தான். மடியில் சுளகு. அம்மாவின் கை இலையை அளவு பார்த்து நறுக்குகிறது, தூள் வைத்துச் சுருட்டி நூல் கட்டுகிறது. பக்கத்தில் இன்னொரு கை பீடி முனைகளை மடக்குகிறது, நடுநடுவே பாடப்புத்தகத்தின் தாளைத் திருப்புகிறது. தாளில் சிந்திய தூளை ஊதிவிட்டு மறுபடியும் மடக்குகிறது. பள்ளியில் புகையிலைக்கு எதிராக உறுதிமொழி எடுத்த அன்று சாயங்காலமும் இங்கேதான் உட்கார்ந்தேன் என்று, வீட்டில் பேசுகிற அதே பேச்சில் சொல்கிறாள். அவ்வளவுதான் படம்.

கருத்து இல்லை என்று சொல்லிவிட்டார்கள். குரலை நல்ல தமிழில் மாற்றிப் பதிவு செய்து, கடைசியில் ஓர் எச்சரிக்கை வாசகமும் சேர்த்தால் பரிசீலிப்பார்களாம். அவள் மறுத்துவிட்டாள். நானோ, மாற்றித்தான் பாரேன் அம்மா என்றேன். அப்படிச் சொன்னதற்காக இன்றைக்கும் வருந்துகிறேன்.

2022 முதல் அரசுப் பள்ளிகளில் சிறார் படங்களைத் திரையிடுகிறார்கள். மிக நல்ல காரியம். நான் என் வகுப்பில் 'சிவப்பு பலூன்' காட்டியிருக்கிறேன். பிரெஞ்சு இயக்குநர் ஆல்பர் லாமொரீஸ் 1956இல் தன் சொந்த மகனை நடிக்க வைத்து, பாரிஸ் தெருக்களில் எடுத்த 34 நிமிடப் படம். பேச்சே மிகக் குறைவு. ஆனாலும் திரைக்கதைக்கு ஆஸ்கர் வாங்கியது. பார்க்கிறவருக்கு அதில் யாரும் புத்தி சொல்வதில்லை. இப்படிப்பட்ட படங்களைப் பிள்ளைகளுக்குக் காட்டிவிட்டு, அவர்கள் எடுக்கும்போது மட்டும் தலைக்கவசம், நெகிழி என்று நாம் எழுதிக்கொடுத்ததையே ஒப்பிக்கச் சொல்வது என்ன நியாயம்?

போட்டி நடத்துபவர்கள் தலைப்பில்லாத பிரிவு ஒன்றையாவது சேர்க்க வேண்டும். வட்டாரப் பேச்சைக் குறையாகக் கருதக் கூடாது. பிள்ளை சம்மதிக்காமல் படத்தை இணையத்தில் ஏற்றவும் கூடாது. முகத்தைக் காட்டுவதா, கையை மட்டும் காட்டுவதா என்பது அவள் முடிவு.

இந்த ஆண்டுக்கான அறிவிப்பு போன வாரம் வந்தது. ஆறு தலைப்புகள் கொடுத்திருக்கிறார்கள். அவளிடம் அதைக் காட்ட எனக்கு இன்னும் மனம் வரவில்லை.

– தமிழாசிரியை ஒருவர்,
தென்காசி மாவட்டம்.