22 ஆட்டம், 4 புள்ளி: மானுவல் ஆரோன் அவர்களுக்கு ஒரு கடிதம்

அன்புள்ள ஆரோன் சார்,

வணக்கம். நம் நாட்டுச் செஸ்ஸின் முன்னோடியான உங்களுக்கு என்னைத் தெரியாது. செஸ்ஸில் பெரிதாக எதுவும் கிழித்தவன் இல்லை நான். போன மாதம் ஒரு சிறுவர் போட்டிக்கு அண்ணன் மகளைக் கூட்டிக்கொண்டு போய், அரங்கத்துக்கு வெளியே பிளாஸ்டிக் நாற்காலியில் நாலு மணி நேரம் உட்கார்ந்திருந்தேன். பக்கத்து நாற்காலிக்காரர் தன் மகனின் ரேட்டிங்கைச் சொல்லி முடித்துவிட்டு, "செஸ் நம்ம ரத்தத்துலயே இருக்கு சார். பூவனூர்ல சிவபெருமானே ராஜகுமாரியோட சதுரங்கம் ஆடித்தானே கல்யாணம் பண்ணிக்கிட்டாரு?" என்றார். நானும் தலையாட்டி வைத்தேன். சதுரங்க வல்லபநாதர் கோயிலுக்கு நானும் போயிருக்கிறேன், அழகான கோயில். ஆனால் வீட்டுக்கு வந்த பிறகு அந்த 'ரத்தம்' என்ற சொல் மட்டும் உறுத்திக்கொண்டே இருந்தது. அதனால்தான் இந்தக் கடிதம்.

ரத்தத்தில் இருந்ததைச் சொல்கிறேன். எங்கள் தாத்தா திண்ணையில் சதுரங்கம் ஆடுவார். கரிக்கோடு போட்ட பலகை. ஒரு சிப்பாய் தொலைந்துபோய் அதன் இடத்தில் புளியங்கொட்டை நிற்கும். சிப்பாய் எப்போதும் ஒரு கட்டம்தான் நகரும். ராஜா ஒரே ஒரு முறை குதிரை மாதிரி தாவிக்கொள்ளலாம், அதற்கு முன்னால் செக் வாங்கியிருக்கக் கூடாது. கடைசிக் கட்டத்துக்குப் போன சிப்பாய் எந்தக் காய் நிற்கும் வரிசையில் ஏறியதோ அந்தக் காயாக மாறும். இதையெல்லாம் கற்றுக்கொண்டுதான் பள்ளிக்கூடத்தில் முதல் போட்டிக்குப் போனேன். எதிரில் இருந்த பையன் முதல் நகர்த்தலிலேயே சிப்பாயை இரண்டு கட்டம் தள்ளினான். நான் கையைத் தூக்கி நடுவரைக் கூப்பிட்டு, "சார், இவன் ஏமாத்துறான்" என்றேன். அறை முழுக்கச் சிரிப்பு. சரி, அதையாவது விடலாம். பத்து நகர்த்தல் கழித்து, நான் இரண்டு கட்டம் தள்ளிய சிப்பாயை அவன் பக்கவாட்டில் வெட்டி எடுத்துக்கொண்டான். அதற்கும் கையைத் தூக்கினேன். உலக விதியில் இரண்டுமே செல்லும் என்று அப்புறம்தான் தெரிந்தது.

நீங்கள் ஆட வந்த காலத்தில் நம் நாட்டில் பெரும்பாலானோர் என் தாத்தா மாதிரிதான் ஆடிக்கொண்டிருந்தார்கள். திறமைக்குக் குறைவில்லை. 1929இல் பஞ்சாபிலிருந்து இங்கிலாந்து போன சுல்தான் கான் மூன்று முறை பிரிட்டிஷ் சாம்பியன் ஆனார். அவரும் நம் ஊர் விதியில் வளர்ந்தவர்தான். ஆனால் அவர் திரும்பி வந்த பிறகு அந்தப் பாதையில் புல் முளைத்துவிட்டது. தொடக்க ஆட்டங்களை எழுதி வைத்துப் படிப்பது, மற்றவர் ஆடியதை வரிசையாக ஆடிப் பார்ப்பது, இப்படி ஒரு பழக்கமே இங்கே கிடையாது. திண்ணைக் கெட்டிக்காரர்கள் நிறைய. புத்தகம் வைத்திருந்தவர்களை விரல் விட்டு எண்ணிவிடலாம்.

பர்மாவில் டவுங்கூவில் பிறந்து தமிழ்நாட்டில் வளர்ந்த நீங்கள் அந்த நிலையிலிருந்து 1961இல் இந்தியாவின் முதல் இன்டர்நேஷனல் மாஸ்டர் ஆனீர்கள், கிராண்ட்மாஸ்டருக்கு ஒரு படி கீழே உள்ள பட்டம் அது. ஆஸ்திரேலியாவின் சிசில் பர்டியை 3-0 என்று வென்று, உலக சாம்பியன் பட்டத்துக்கான தேர்வுப் போட்டியான இன்டர்சோனலுக்குப் போனீர்கள். அர்ஜுனா விருது தொடங்கிய வருடமே செஸ்ஸுக்காக அதை வாங்கியவர் நீங்கள். தேசிய சாம்பியன் 9 முறை, 1959இல் தொடங்கி 1981 வரை, நடுவில் 1969 முதல் 1973 வரை தொடர்ந்து ஐந்து. இதெல்லாம் யார் வேண்டுமானாலும் தேடி எடுக்கக்கூடிய விவரம்.

என்னை நிறுத்தி வைத்தது வேறொன்று. 1962 ஸ்டாக்ஹோம் இன்டர்சோனலின் புள்ளி அட்டவணை. 23 பேர், ஆளுக்கு 22 ஆட்டம். மேலே பாபி ஃபிஷர், வயது 18, புள்ளி 17½. அவருக்குக் கீழே கெல்லர், பெட்ரோசியன், கோர்ச்னாய் என்று பெயர்கள் இறங்கிக்கொண்டே போகின்றன. ஆகக் கீழே, இருபத்து மூன்றாவது வரியில், ஆரோன், 4 புள்ளி.

முதல் முறை அதைப் பார்த்தபோது எனக்கு வெட்கமாக இருந்தது. உங்களுக்காக வெட்கப்பட நான் யார் என்று தெரியவில்லை, ஆனாலும் இருந்தது. அப்புறம் கட்டம் கட்டமாக உங்கள் வரியைப் படித்தேன். தோல்விகளுக்கு நடுவே ஒரு 1, அதாவது ஒரு வெற்றி. யார் என்று பார்த்தால் ஹங்கேரியின் போர்ட்டிஷ். இன்னொரு 1, கிழக்கு ஜெர்மனியின் ஊல்மன். ஒருவர் பின்னாளில் எட்டு முறை, உலக சாம்பியனோடு மோதப்போவது யார் என்று முடிவு செய்யும் கேண்டிடேட்ஸ் சுற்றுக்குப் போனவர். மற்றவர் பிரெஞ்சு டிஃபென்ஸ் என்ற தொடக்க ஆட்டத்தைச் சொன்னாலே அவர் பெயரைச் சொல்லும் அளவுக்கு அதிலேயே வாழ்ந்தவர். அந்த வருடம் இருவருமே கேண்டிடேட்ஸ் போட்டி நடந்த குராசாவோ தீவுக்குப் போகத் தகுதி பெறவில்லை. கடைசி இடத்துக்காரரிடம் புள்ளியை விட்டவர்கள் அதை எப்படி மறந்திருப்பார்கள்?

குருட்டு அதிர்ஷ்டம் என்று ஒரு நண்பன் சொன்னான். ஒரு தடவை என்றால் நானும் ஒப்புக்கொள்வேன். இரண்டு தடவை, அதுவும் அந்த இரண்டு பேரிடம்? எனக்குத் தெரிந்து அந்த அட்டவணை சொல்வது வேறு. உங்கள் ஆட்டத்தில் உச்சம் இருந்தது. அந்த உச்சத்தை ஒரு மாதத்துக்கும் மேல் தாங்கிப் பிடிக்க முட்டுக்கொடுக்க யாரும் இல்லை. எதிரே சோவியத்தில் இருந்து வந்தவர்கள் மட்டும் நாலு பேர், அவர்களுக்குப் பின்னால் ஒரு நாடே செஸ் படித்துக்கொண்டிருந்தது.

நீங்கள் கிராண்ட்மாஸ்டர் ஆகவில்லை. உங்களுக்குப் பிறகு அடுத்த இன்டர்நேஷனல் மாஸ்டர் வருவதற்கே 17 வருடம் ஆனது. பரமக்குடியில் பிறந்த ரவிக்குமார், 1978. ரத்தம் பேசுகிறவர்களிடம் இந்த 17 வருடத்தைத்தான் கேட்க வேண்டும். அவ்வளவு நாள் அது எங்கே ஓடிக்கொண்டிருந்தது?

என் கணக்கில் விடை ஆழ்வார்பேட்டையில் இருக்கிறது. 1972இல் சோவியத் கலாச்சார மையத்தில் நீங்கள் தொடங்கிய டால் செஸ் கிளப். ரீகாவின் மிகைல் டால் பெயரை வைத்தீர்கள். காய்களைப் பலி கொடுத்தே உலக சாம்பியன் ஆன மனிதர் அவர். கிளப்புக்கு அதைவிடப் பொருத்தமான பெயர் எனக்குத் தோன்றவில்லை. பலகை, கடிகாரம், ரஷ்யாவிலிருந்து வந்த புத்தகம், பத்திரிகை. நீங்கள் தொடங்கும்போது கையில் இல்லாதது எதுவோ, அதையெல்லாம் ஒரே கூரைக்குக் கீழே கொண்டுவந்து வைத்தீர்கள்.

அங்கே, சில நிமிடத்தில் முடிந்துவிடும் பிளிட்ஸ் ஆட்டத்துக்கு இருந்த வழக்கம் எனக்கு ரொம்பப் பிடிக்கும். ஜெயித்தவர் நாற்காலியிலேயே இருப்பார், தோற்றவர் எழுந்து வரிசையின் கடைசிக்குப் போக வேண்டும். திரும்ப முறை வர எவ்வளவு நேரம் ஆகுமோ! அம்மா சுசீலாவிடம் ஆறு வயதில் காய் நகர்த்தக் கற்றுக்கொண்ட ஆனந்த் என்ற பையன் அந்த வரிசையில் நின்றான். அவன் மணிலாவில் சில காலம் வளர்ந்ததும் உதவியது, அதையும் சொல்ல வேண்டும், எல்லாப் பெருமையையும் சென்னைக்கே எழுதிவிடக் கூடாது. ஆனாலும் அவன் கை வேகத்தைப் பார்த்தவர்களுக்கு அந்த நாற்காலி நினைவுக்கு வந்திருக்கும். எழுந்தால் மறுபடி கிடைக்காது என்று ஆடுகிறவன் கை அது. 1987இல் உலக ஜூனியர் சாம்பியன், 1988இல் இந்தியாவின் முதல் கிராண்ட்மாஸ்டர். இன்று இந்தியாவில் கிராண்ட்மாஸ்டர்கள் எண்பதைத் தாண்டிவிட்டார்கள். 2024 டிசம்பரில் சிங்கப்பூரில் உலக சாம்பியன் போட்டியில் குகேஷ், 18 வயதில், 14ஆவது ஆட்டத்தில் அப்போதைய சாம்பியன் டிங் லிரனின் யானை தப்பான கட்டத்துக்கு நகர்ந்ததைப் பார்த்து ஒரு கணம் நம்பாமல் உட்கார்ந்திருந்தாரே, அதை என் வீட்டில் எல்லோரும் கைபேசியைச் சுற்றி நின்று பார்த்தோம். செஸ் தெரியாத அம்மாவும் நின்றாள்.

பக்கத்து நாற்காலிக்காரருக்கு அன்று நான் சொல்லாமல் விட்டது இவ்வளவுதான். சொல்லியிருந்தாலும் அவர் கேட்டிருக்க மாட்டார், மகனுக்கு மூன்றாவது சுற்று தொடங்கியிருந்தது.

அண்ணன் மகள் அன்று எட்டுக்கு ஒன்றரை எடுத்தாள். காரில் வாயே திறக்கவில்லை. வழியில் பரோட்டா வாங்கிக் கொடுத்தேன், சாப்பிட்டாள். ஸ்டாக்ஹோம் கதையை நான் அவளிடம் சொல்லவில்லை. பதினொரு வயதில் தோற்றுவிட்டு வருகிற பிள்ளையிடம் மாமனிதர்களின் கதை சொல்வதைப் போன்ற கொடுமை வேறில்லை என்று என் சொந்த அனுபவத்தில் தெரியும்.

உங்களிடம் ஒன்று மட்டும் கேட்க வேண்டும் சார். அந்தக் காலத்தில் முடியாத ஆட்டத்தை ஒத்திவைத்து, அடுத்த நகர்த்தலை எழுதி உறையில் போட்டு ஒட்டிவிட்டு, மறுநாளோ அதற்கு அடுத்த நாளோ தொடர்வார்களே. சோவியத்காரர்கள் ராத்திரி நாலு பேராக உட்கார்ந்து அந்த நிலையை அலசுவார்களாம். பிப்ரவரி மாத ஸ்டாக்ஹோமில், வெளியே பனி, நீங்கள் அறைக்குத் திரும்பி மேஜையில் காய்களை அடுக்கி வைத்தபோது, எதிர்ப்பக்கத்துக் காய்களை நகர்த்தியது யார்?

அன்புடன்,
வரிசையின் கடைசியில் நிற்கும் ஒருவன்