வெள்ளித்தாளைக் காட்ட வேண்டாம்

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

போதைப் பழக்கத்திலிருந்து மீண்டவர்கள் தங்கள் அனுபவத்தை ஆவணப்படமாக எடுக்க முன்வர வேண்டும் என்று சென்ற ஞாயிறு இதழில் எழுதியிருந்தீர்கள். அப்படி ஒரு படத்துக்காகப் பேசியவன் நான். அதனால் சில விஷயங்களைச் சொல்ல வேண்டும்.

மலேசியாவின் பேராக் மாநிலத்தில், சுங்கை சிப்புட் பக்கத்தில் ஒரு ரப்பர் தோட்டத்தில் பிறந்தேன். அப்பா, அம்மா இருவரும் ரப்பர் மரத்தில் பால் வெட்டினார்கள். பத்தொன்பது வயதில் ஹெராயின் பழகி, பதின்மூன்று வருடம் அதிலேயே கிடந்தேன். மரத்தில் உறைந்து கிடக்கும் ஒட்டுப்பாலைத் திருடி விற்றேன். வீட்டுக் குத்துவிளக்கையும் விற்றேன். 2011-இல் அரசாங்க கிளினிக்கில், ஹெராயினுக்குப் பதிலாகக் கொடுக்கும் மெத்தடோன் என்ற மருந்தைக் குடிக்கத் தொடங்கினேன்.

இரண்டு வருடத்துக்கு முன்பு ஒரு கல்லூரி மாணவர்கள் என்னைப் படமெடுக்க வந்தார்கள். நல்ல பிள்ளைகள்தான். பழைய லயத்து வீடுகளுக்குப் பின்னால் என்னை உட்கார வைத்து, ஹெராயினைச் சூடாக்கிப் புகைக்க உதவும் வெள்ளித்தாளையும் லைட்டரையும் கையில் கொடுத்தார்கள். "வெறும் மாவுதான் அங்கிள், சும்மா நடிங்க" என்றார்கள். வாங்கிய அந்த நொடியே வயிறு புரட்டி, வாயில் எச்சில் ஊறியது. பத்து வருடத்துக்கு மேல் தொடாதவன் நான்! கியான், அதாவது போதைக்கான அந்தத் தவிப்பு, வந்துவிட்டது. வேண்டாம் என்று எழுந்து வந்துவிட்டேன். அன்று இரவு முழுக்கத் தூக்கமில்லை. தாளில் இருப்பது மாவா ஹெராயினா என்று உடம்பு பார்ப்பதில்லை, பழைய பொருள் கண்ணில் பட்டாலே அதற்குப் போதும். திரையில் பார்த்தாலும் அப்படித்தான். யாருக்காகப் படம் எடுக்கிறோமோ அவனையே அந்தக் காட்சி மறுபடி இழுத்துவிடும்.

அப்புறம் என் அக்கா மகன் கைப்பேசியில் எடுத்தான். காலையில் நான் மோட்டாரை எடுப்பதிலிருந்து படம் தொடங்குகிறது. செம்பனைக்கு நடுவே செம்மண் பாதை, கிளினிக், கவுண்டர். மருந்தாளர் அளந்து தரும் மருந்தை அவர் கண் முன்னே குடிக்க வேண்டும், பிறகு தண்ணீர் குடித்து வாய் திறந்து பேச வேண்டும். விழுங்கிவிட்டேனா என்று அவருக்குத் தெரிய வேண்டுமே. பிறகு வேலைக்குப் போவேன். பன்னிரண்டு நிமிடப் படத்தில் பாதிக்கு மேல் இதுதான். பார்த்த ஒருவர், "இதில் என்ன இருக்கிறது?" என்று கேட்டார். எனக்கு அதில்தான் எல்லாம் இருக்கிறது. 2005-இல்தான் நம் நாட்டில் இந்தச் சிகிச்சை தொடங்கியது. அதற்கு முன் எங்கள் கூட்டத்துக்குத் தெரிந்தது லாக்கப்பும் புனர்வாழ்வு மையமும்தான். ஒரு போதையை விட்டு இன்னொரு போதையா என்று இன்றும் கேட்கிறார்கள். ஒரு வேளை குடித்தால் ஒரு நாள் தாங்குகிறது, கியான் இல்லை, சம்பளம் வீட்டுக்கு வருகிறது. இதைப் படத்தில் காட்டாமல் வேறு எதைக் காட்டுவது?

என் அம்மாவைப் படமெடுக்கலாமா என்று அக்கா மகன் கேட்டான். "என் முகம் வேணாம்யா, குரல் மட்டும் போட்டுக்கோ" என்றார். அப்படியே செய்தான். அவர் பேசும்போது திரையில் அவர் பூ கட்டும் கைகள் மட்டும் தெரியும். அழும் அம்மாவின் முகத்தைப் பெரிதாக்கிக் காட்டும் படங்களைப் பார்த்திருக்கிறேன். அந்த அம்மாக்கள் மறுநாள் காலையில் அதே கடைக்குத்தானே போக வேண்டும்?

இன்னொன்று. போதைப்பொருள் எடுப்பதே இங்கே குற்றம். 1952-ஆம் ஆண்டு அபாயகரப் போதைப்பொருள் சட்டத்தின் 15-ஆவது பிரிவில் 5,000 ரிங்கிட் வரை அபராதமோ 2 ஆண்டு வரை சிறையோ உண்டு. பேச்சு வேகத்தில் நான் இரண்டு நண்பர்களின் பெயரைச் சொல்லிவிட்டேன். ஒருவர் இன்னும் விடவில்லை. வெளியிடுவதற்கு முன் என்னை உட்கார வைத்து முழுப் படத்தையும் காட்டினான் என் அக்கா மகன். அப்போதுதான் அது என் காதில் விழுந்தது. அந்த இரண்டு இடத்தையும் வெட்டச் சொன்னேன், வெட்டிவிட்டான். படம் எடுக்க வருகிற பிள்ளைகள் எல்லோரும் இதைச் செய்ய வேண்டும் என்று உங்கள் இதழில் ஒரு வரி போட்டால் நன்றாக இருக்கும்.

இப்படிக்கு,
பெயர் வெளியிட விரும்பாத வாசகர்,
சுங்கை சிப்புட், பேராக்.