கொடுத்துவைக்காதவளா சுகிகோ?

ஐயா,

சென்ற இதழில் ஜப்பானிய இயக்குநர் மிக்கியோ நருசேயின் 1934ஆம் ஆண்டு ஊமைப்படம் ‘முடிவில்லாத் தெரு’ பற்றிய கட்டுரை படித்தேன். “பணக்கார வீட்டில் வாழக் கொடுத்துவைக்காத ஹோட்டல் பெண்” என்று கதாநாயகியைப் பற்றி ஒரு வரி. அடடா, என்ன கரிசனம்!

கட்டுரையாளர் படத்தைக் கடைசிவரை பார்த்தாரா? டோக்கியோ கின்சாவில் தேநீர் பரிமாறும் சுகிகோ, தன்னைக் காரில் இடித்த ஹிரோஷியையே கட்டிக்கொள்கிறாள். மாமியாரும் நாத்தனாரும் அவள் பிறந்த இடத்தைச் சொல்லிச் சொல்லிக் குத்துகிறார்கள். அவன் வாய் திறப்பதில்லை; குடிக்கிறான். அவளாகத்தான் வெளியேறுகிறாள். பிறகு அவன் விபத்தில் அடிபட்டுக் கிடக்கும்போது ஆஸ்பத்திரிக்குப் போய், உங்களுக்குக் குடும்பப் பெயர்தான் பெரிது என்று மாமியாரிடம் முகத்துக்கு நேரே சொல்லிவிட்டுப் பழைய வேலைக்கே திரும்புகிறாள். இவளா கொடுத்துவைக்காதவள்?

நான் ஜவுளிக்கடையில் சேலை விரித்துக் காட்டிக்கொண்டிருந்தவள். 1989இல் கல்யாணம். விருந்தாளிகள் வந்தால் நாற்காலி பற்றாது. “அவ நின்னுக்குவா, கடையில நின்ன காலுதானே” என்பார் மாமியார். எல்லோரும் சிரிப்பார்கள். அவர் மகன் தலை நிமிராமல் பத்திரிகை படித்துக்கொண்டிருப்பார். உங்கள் பத்திரிகைதான். நான் எங்கும் போகவில்லை. கொடுத்துவைத்தவள்!

ஊமைப்படம் என்பதால் அந்தக் காலத்து அரங்கில் மயான அமைதி நிலவியிருக்கும் என்றும் கட்டுரையாளர் அளந்திருக்கிறார். ஜப்பானில் ஊமைப்படம் ஊமையாக ஓடவில்லை, திரைக்குப் பக்கத்தில் பென்ஷி என்ற கதைசொல்லி எல்லாப் பாத்திரங்களுக்கும் குரல் கொடுப்பார், இயக்குநர் குரோசாவாவின் அண்ணனே ஒரு பென்ஷிதான் என்பதெல்லாம் தங்களுக்குத் தெரியாததல்ல. அச்சுக்குப் போகுமுன் ஒரு பார்வை பார்த்திருக்கலாம். முன்பெல்லாம் பார்ப்பீர்கள். சினிமாப் பக்கங்கள் நான்கிலிருந்து ஒன்றரையாகச் சுருங்கி, மிச்சத்தில் நகைக்கடை விளம்பரம் வந்தபோதே எழுத நினைத்தேன். இரண்டு வருடம் முன்பு இயக்குநர் மிசோகுச்சியின் படத்தை இன்னொரு இயக்குநரான ஓசுவின் படம் என்று போட்டதற்கு எழுதியும் விட்டேன். பதிலில்லை.

ஒன்றே ஒன்று கேட்கிறேன். இயக்குநர் பெயர் கட்டுரையில் ஏழு இடத்தில் வருகிறது; படத்தையே தாங்குகிறவர் வெறும் ‘நாயகி’. அவர் பெயர் ஷினோபு செட்சுகோ. அடுத்த இதழில் ஒரு வரி போடுங்கள். இடம் போதாவிட்டால் என் ஜவுளிக்கடைக் கதையை வெட்டிக்கொள்ளுங்கள், அந்தப் பெயரை வெட்டாதீர்கள்.

இப்படிக்கு,
34 ஆண்டு வாசகி,
ஈரோடு